குலசாமி காவலிருந்த கம்ப்யூட்டர்

ராஜபாளையத்துப் பக்கம் ஒரு பெண்ணைக் கட்டிக்கொள்ள வருகிறவர்கள் அவள் தெருவில் விசாரிப்பார்கள், வேலை பார்க்கிற மில்லில் விசாரிப்பார்கள், கடைசியாக ஆஸ்பத்திரியில் வந்து விசாரிப்பார்கள். தெருவும் மில்லும் தங்களுக்குள் இருக்கிற பகையை வைத்துப் பேசும், ஆஸ்பத்திரி மட்டும் உள்ளதைச் சொல்லும் என்பது அவர்கள் கணக்கு.

டாக்டர் சுயம்புலிங்கத்தின் ஆஸ்பத்திரியில் அந்த உள்ளது முழுக்க ரெக்கார்டு அறையில் இருந்தது. நோயாளிகளின் கார்டுகளை அடுக்கி வைக்கிற அந்த அறைக்கு முதலில் பால்ச்சாமி என்று ஒருவர் பொறுப்பாக இருந்தார். நல்ல மனிதர், பொய் சொல்லத் தெரியாது. இன்ன பெண்ணுக்கு நோய் நொடி உண்டா என்று யாராவது வந்து கேட்டால், இல்லாத பெண்ணுக்கு "தங்கமான புள்ளை, தாராளமாச் செய்ங்க" என்பார். நோய் இருந்தால் அதை வெளியே சொல்லக்கூடாதல்லவா, ஆகவே தலைக்கு மேலே சுற்றுகிற ஃபேனைப் பார்ப்பார். ஒரே வருஷத்தில் சுற்றுப்பட்டி முழுவதற்கும் அந்த ஃபேனின் அர்த்தம் புரிந்துவிட்டது. "பால்ச்சாமி ஃபேனைப் பாத்துட்டாரு" என்றால் கல்யாணம் நின்றது என்று பொருள். தான் ஒரு ரகசியத்தையும் வெளியே விட்டதில்லை என்ற திருப்தியோடு அவர் ஓய்வு பெற்றார்.

அவர் இடத்துக்கு 1984-இல் வந்தவள் கிருபாபாய். ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரி. கணவர் பொன்னுராஜ் அங்கே பஸ் ஸ்டாண்டு பக்கம் சைக்கிள் கடை வைத்திருந்தார். தினமும் காலையில் பஸ் பிடித்து ராஜபாளையம் வருவாள், சாயங்காலம் திரும்பிப் போவாள். வந்த முதல் வாரத்திலேயே அந்த ஃபேனின் பெருமையைக் கேள்விப்பட்டாள். நல்ல பெண்ணுக்கு ஒரு பதிலும் நோய் உள்ள பெண்ணுக்கு ஒரு பதிலும் இருக்கிற வரைக்கும் வாயைத் திறந்தாலும் ஒன்றுதான், மூடினாலும் ஒன்றுதான் என்பது அவளுக்கு விளங்கியது. ஆகவே எல்லோருக்கும் சேர்த்து ஒரே பதிலை வைத்துக்கொண்டாள். தெரியாது.

நோய் உள்ளவளைக் கேட்டாலும் தெரியாது. ஜலதோஷம்கூட வராதவளைக் கேட்டாலும் தெரியாது. அந்த ஆஸ்பத்திரிக்கே வராத பெண்ணைக் கேட்டாலும் தெரியாது. "நம்ம புள்ளை நல்லாருக்குன்னு ஒரு வார்த்தை சொன்னாக் கொறைஞ்சா போவ" என்று பெண்ணைப் பெற்றவர்களே வந்து சண்டை போட்டார்கள். அவர்களுக்கும் தெரியாதுதான். வீட்டிலும் அதே சட்டம். ஒரு தடவை பொன்னுராஜ் அந்த ஆஸ்பத்திரியிலேயே ரத்தம் கொடுத்துவிட்டு, ராத்திரி சாப்பாட்டுத் தட்டில் உட்கார்ந்து என்ன வந்திருக்கிறது என்று மனைவியைக் கேட்டார். "டாக்டரு சொல்லுவாவ" என்று சொல்லிவிட்டு, அவருக்கு மட்டும் அவள் பாயசத்தை ஊற்றவில்லை. மனுஷன் அதிலேயே தெரிந்துகொண்டார். தன் உத்தியோக வாழ்க்கையில் அவள் தவறவிட்ட ரகசியம் அது ஒன்றுதான்.

1993-இல் வெள்ளைத்தாய் வந்தாள். தேவதானத்துப் பெண், நூல் மில்லில் வேலை. மில் கேண்டீனில் விழுந்து கை கால் வெட்டி இழுத்து, கூட வேலை பார்க்கிறவள் ஆட்டோவில் போட்டுக் கொண்டு வந்தாள். வலிப்பு. தினமும் மாத்திரை போட்டால் வராது, நிறுத்தினால் வரும் என்று டாக்டர் சொன்னார். மாத்திரையைப் போட்டாள், வரவில்லை. மாதாமாதம் வந்து வாங்கிப் போவாள். ஓடுகிற மெஷின் பக்கத்தில் நின்று அறுந்த நூலைச் சேர்க்கிற வேலை என்பதால் அந்த மாத்திரைதான் அவளுக்குக் கையும் விரலும்.

"இது யாருக்கும் போவாதுல்லக்கா?" என்று முதல் நாளே கேட்டாள்.

"போவாது" என்றாள் கிருபாபாய். தெரியாது என்பதைத் தவிர அந்த அறையில் அவள் சொன்ன ஒரே வார்த்தை அதுதான்.

இரண்டு வருஷம் கழித்து ஆஸ்பத்திரிக்குக் கம்ப்யூட்டர் வந்தது. ஒன்றல்ல, நான்கு. பெயர் பதிகிற இடத்தில் ஒன்று, லேபில் ரத்தம் பார்க்கிற புது மெஷினோடு சேர்த்து ஒன்று, டாக்டர் அறையில் ஒன்று, ரெக்கார்டு அறையில் ஒன்று. நான்கையும் வயரால் கோர்த்திருந்தார்கள். லேபில் மெஷின் ரத்தத்தைப் பார்த்துச் சொன்னால் டாக்டர் அறையில் எழுத்து வரும். அந்த அதிசயத்தைப் பார்ப்பதற்காகவே சிலர் ரத்தம் கொடுத்தார்கள். நான்கு பெட்டிக்கும் சந்தனம் குங்குமம் வைத்து, மாலை போட்டு, எலுமிச்சம்பழம் நசுக்கித்தான் ஸ்விட்சைப் போட்டார்கள். செருப்போடு அதன் பக்கத்தில் போகக்கூடாது என்று டாக்டரே உத்தரவு போட்டார். கிருபாபாய் வேதக்காரி, கிறிஸ்தவள் என்றாலும் செருப்பைக் கழற்றுவதில் அவளுக்கு ஆட்சேபணை இல்லை, அவள் சபையிலும் அதுதான் வழக்கம்.

கார்டில் இருந்ததையெல்லாம் பெட்டியில் ஏற்றுகிற வேலை அவளுக்கு வந்தது. ஏற்றினாள். வெள்ளைத்தாயின் கார்டையும் தன் விரலால்தான் ஏற்றினாள்.

மதுரையிலிருந்து வந்த கம்ப்யூட்டர்க்காரர் சோலைராஜ், ஆளுக்கு ஒரு பாஸ்வேர்டு வைத்துக்கொள்ளச் சொன்னார். பூட்டுக்குச் சாவி மாதிரி, அது சரியாக இருந்தால்தான் பெட்டி திறக்கும். மறக்கக்கூடாது, அடுத்தவருக்குச் சொல்லவும் கூடாது. மறக்கவே மறக்காத பெயர் என்று ஒவ்வொருவரும் யோசித்து, ஒவ்வொருவரும் தங்கள் குலசாமியை வைத்தார்கள். டாக்டர் தன் வீட்டு அய்யனாரை வைத்தார். பெயர் பதிகிற வேல்சாமி இருளப்பசாமியை வைத்தான். லேப் பெண் சண்முகத்தாய் பேச்சியம்மனை வைத்தாள். சாமியே காவலுக்கு நிற்கிறபோது வேறென்ன வேண்டும் என்று எல்லோருக்கும் மனது நிறைந்துவிட்டது. கிருபாபாய் மட்டும் தன் வீட்டு மிக்ஸிக்கு அடியில் அச்சடித்திருந்த நம்பரைக் கொடுத்தாள்.

"இதை எப்பிடிக்கா ஞாபகம் வச்சிக்கிடுவீங்க?" என்று சோலைராஜ் சிரித்தார்.

"மறந்துட்டா வீட்ல போயி மிக்ஸியக் கவுத்துப் பாப்பேன்" என்றாள்.

இதில் என்ன கோளாறு என்று வெளியூர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டும். இந்தச் சீமையில் இரண்டு வீட்டுக்கு ஒரே குலசாமி என்றால் அவர்கள் பங்காளிகள், பையனும் பெண்ணும் அண்ணன் தங்கை முறை. கட்டக்கூடாது. ஆகவே கல்யாணத் தரகருக்கு முதல் பாடமே யாருக்கு எது குலசாமி என்பதுதான். ஜாதகம் அப்புறம், நகை அப்புறம். ராஜபாளையத்தில் இருந்து வத்திராயிருப்பு வரைக்கும் ஒவ்வொரு வீட்டின் குலசாமியும் தரகர் சங்கரலிங்கம் அண்ணாச்சியின் நாக்கு நுனியில் இருந்தது. டாக்டர் வீட்டுச் சாமியைத் தெரிந்துகொள்ள அந்தத் தொழில்கூடத் தேவையில்லை. அய்யனார் கோயில் சுவரில் உபயம் என்று டாக்டர் பெயரே எழுதியிருந்தது.

சங்கரலிங்கம் பத்து வருஷமாகக் கிருபாபாயிடம் கேட்டுக் கேட்டு, பத்து வருஷமும் தெரியாதென்று வாங்கிக்கொண்டவர். ஒருநாள் மூட்டு வலி என்று டாக்டரைப் பார்க்க வந்து, வேல்சாமி பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

"பெட்டியத் தொறக்கதுக்கு முன்னால என்னமோ அடிக்கியே, அது என்னடே?"

"அது பாஸ்வேர்டு அண்ணாச்சி. வெளிய சொல்லப்பிடாது."

"சொல்ல வேண்டாம், சொல்ல வேண்டாம். எல்லாருக்கும் ஒண்ணுதானா?"

"அது எப்பிடி? அவிய அவிய சாமி பேரு அவிய அவியளுக்கு. என் சாமி பேர மட்டும் கேட்றாதிய, சொல்ல மாட்டேன்."

சங்கரலிங்கம் கேட்கவில்லை. இருளப்பசாமி கோயில் கொடைத் திருவிழாவில் வேல்சாமியின் அப்பாவோடு பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டவர் அவர்.

மத்தியானம் வேல்சாமி சாப்பிடப் போனால் பெட்டியை அணைப்பதில்லை. அணைத்து அணைத்துப் போட்டால் தேய்ந்துவிடும் என்பது அவன் கொள்கை. டாக்டரும் வீட்டுக்குப் போய்விடுவார், நோயாளிகள் வேப்பமர நிழலுக்குப் போய்விடுவார்கள். அண்ணாச்சியின் மூட்டு வலி அதன் பிறகு மத்தியான நேரத்தில் மட்டும் வர ஆரம்பித்தது.

வேல்சாமியின் சாமியை அடித்தால் பெயரும் ஊரும் வரும். நோய் என்னவென்று பார்க்க டாக்டரின் சாமி வேண்டும், அல்லது கிருபாபாயின் மிக்ஸி வேண்டும்.

வெள்ளைத்தாய்க்குக் கூமாப்பட்டியில் பேச்சிமுத்து என்ற பையனைப் பேசி முடித்திருந்தார்கள். தென்னந்தோப்பு, சொந்தக் கிணறு. இன்னொரு தரகர் பேசிய சம்பந்தம் அது. தை மாதம் கல்யாணம் என்று இருந்தது, கார்த்திகையில் பையனின் அம்மா ஆள் அனுப்பி வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். வலிப்புக்காரி என்று சொல்லி அனுப்பினாள். டாக்டர் எழுதிய மாத்திரையின் பெயரையும் சேர்த்துச் சொல்லி அனுப்பினாள்.

வெள்ளைத்தாய் மில் உடுப்போடு ரெக்கார்டு அறை வாசலில் வந்து நின்றாள்.

"ஒங்கள நம்பித்தானக்கா இங்க வந்தேன்."

"நான் சொல்லலட்டி."

"மாத்திர பேரு வேற யாருக்குத் தெரியும்? சொல்லுங்க, யாருக்குத் தெரியும்?"

கிருபாபாய்க்கு வாழ்க்கையில் முதல் தடவையாக, நிஜமாகவே தெரியவில்லை. வெள்ளைத்தாய் அந்த மாத மாத்திரையை வாங்காமலே திரும்பிப் போனாள். அடுத்த மாதமும் வரவில்லை. ஆஸ்பத்திரிக்கு வந்தால்தானே கார்டு, கார்டு இருந்தால்தானே ஊருக்குத் தெரியும், வராமலே இருந்துவிடுவோம் என்று நினைத்துவிட்டாள். ஓடுகிற மெஷின் முன்னால் மாத்திரை இல்லாமல் நிற்கிற அந்தப் பெண்ணை நினைத்துக் கிருபாபாய்க்குச் சோறு இறங்கவில்லை. தன் பெயர் கெட்டதும் வலித்தது, ஆனால் இது அதைவிட வலித்தது.

டாக்டர் கிருபாபாயைக் கூப்பிட்டு விசாரித்தார். மாத்திரைப் பெயர்வரை நோய் விவரம் தெரிவது அவருக்கும் அவளுக்கும்தான். அவர் சொல்லவில்லை என்பது அவருக்கே தெரியும். மிச்சம் இருப்பது ஒரே ஆள். ஆனாலும் பத்து வருஷ மரியாதைக்காக, "எதுக்கும் எல்லாரும் பாஸ்வேர்ட மாத்திருங்க. இனி ஒண்ணு வெளிய போச்சுன்னா நீங்க வேற வேல பாக்கணும்மா" என்றார்.

எல்லோரும் மாற்றினார்கள். டாக்டர் தன் சாமியை எடுத்துவிட்டு, மனைவி வீட்டுச் சாமியான மாடசாமியை வைத்தார். வேல்சாமி அவன் அம்மா வீட்டுச் சாமியை வைத்தான். சண்முகத்தாயும் அப்படியே. ஒரு வீட்டில் பெண் எடுக்க வேண்டும் என்றால் தாய் வழியையும் விசாரிக்கிறவர்தான் தரகர் என்பது ஒருத்தருக்கும் நினைவுக்கு வரவில்லை. சங்கரலிங்கம் அண்ணாச்சிக்கு இந்த மாற்றத்தால் ஒரே ஒரு மத்தியானம் வீணானது.

இன்னொரு சம்பந்தம் முறிந்தது. கிருபாபாய் வீட்டில் பொன்னுராஜிடம், வேலை போகப்போகிறது என்று சொல்லி வைத்தாள்.

அவள் மத்தியானம் ரெக்கார்டு அறைக்குள்ளேயே டிபன் பாக்ஸைத் திறந்து சாப்பிடுகிறவள். வேல்சாமி டைப் அடிக்கிற சத்தம் அவளுக்குப் பழக்கம். ஒரு விரலால் அடிப்பான். ஒரு எழுத்துக்கும் அடுத்த எழுத்துக்கும் நடுவில் அவன் விரல் சாவியைத் தேடி ஊர் சுற்றிவிட்டு வரும். அன்றைக்கு அவன் சாப்பிடப் போன பிறகு அந்தப் பக்கத்திலிருந்து சடசடவென்று, கோர்ட்டு வாசலில் மனு டைப் அடிப்பதுபோல ஒரு சத்தம் வந்தது. வேல்சாமி இந்த ஜென்மத்தில் அப்படி அடிக்க மாட்டான். கையைக்கூடக் கழுவாமல் எழுந்து போனாள்.

டைப்ரைட்டிங் லோயர் பாஸ் செய்தவர் சங்கரலிங்கம். கண்ணாடியை மூக்கு நுனியில் இறக்கிவிட்டுக்கொண்டு, தேவதானம் பக்கத்துப் பெண்கள் பெயரையெல்லாம் வரிசையாகப் பார்த்துக்கொண்டிருந்தார். கிருபாபாய் அவர் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள்.

"சாப்ட்டாச்சா அண்ணாச்சி?"

அவர் திடுக்கிடவில்லை. "இனிமேத்தாம்மா. இந்த மாடசாமி பிடிபடதுக்குத்தான் அன்னைக்கு ஒரு மத்தியானமே போச்சு. டாக்டரம்மா ஊரு சேத்தூர்ப் பக்கமில்லா, மறந்தே போயிட்டேன்." கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒன்னோடதுதாம்மா தொறக்கவே மாட்டேங்கு. ஒங்க சபையில உள்ள பேரு பூராத்தையும் அடிச்சிப் பாத்துட்டேன்."

"எந்திரிங்க" என்றாள் கிருபாபாய்.

"நல்லதுக்குத்தானம்மா செய்தேன். தெரியாமக் கட்டிட்டு நாளைக்கு அவஸ்தப்படக்கூடாதுல்லா."

"மாத்திரய நிறுத்திட்டு ஒரு புள்ள மெஷின் முன்னால நிக்கி. அது யாருக்கு நல்லது? எந்திரிங்க அண்ணாச்சி, கைல சோறு இருக்கேன்னு பாக்கேன்."

டாக்டர் வந்ததும் நடந்ததைச் சொன்னாள். தன் அய்யனாரையும் மாடசாமியையும் தரகர் பெட்டியில் அடித்தார் என்று கேட்டு அவர் முகம் சிவந்துவிட்டது. "செருப்புக் காலோடயா?" என்று கேட்டார்.

"ஆமா டாக்டர்."

அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. சோலைராஜை அன்றைக்கே மதுரையிலிருந்து வரவழைத்தார். அவர் வந்து எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, இன்னொன்றையும் சொன்னார். உள்ளே போய்ப் பார்க்க முடிந்தவருக்கு மாற்றவும் முடியும். லேப் மெஷின் முன்னூறு என்று சொன்ன சர்க்கரையை நூறு என்று ஆக்கிவிட்டுப் போயிருந்தால், டாக்டர் அறையில் நூறுதான் தெரிந்திருக்கும். டாக்டர் அதைக் கேட்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். சங்கரலிங்கம் மாற்றவில்லை என்பதற்கு, அவருக்கு மாற்றத் தோன்றவில்லை என்பதைத் தவிர வேறு காரணம் கிடையாது. அதன் பிறகு குலசாமிகளுக்கு விடுதலை கொடுத்து அவரவர் கோயிலுக்கு அனுப்பினார்கள். ஆளுக்கு ஒரு கண்டபடியான எழுத்தையும் நம்பரையும் சோலைராஜே வைத்துக் கொடுத்தார். வேல்சாமி அதைச் சுவரில் எழுதி வைத்தான். கிருபாபாய் அவனைக்கொண்டே அதன்மேல் சுண்ணாம்பு அடிக்க வைத்தாள். பெட்டியை அணைக்காமல் சாப்பிடப் போனால் ஒருநாள் சம்பளம் இல்லை என்று டாக்டர் சொன்னதும், அணைத்தால் தேயும் என்ற கொள்கையும் போனது. டாக்டர் கிருபாபாயிடம் மன்னிப்பு என்று கேட்கவில்லை. "நீங்க பழையபடி இருங்கம்மா" என்றார்.

ஆனால் வெளியே போனது போனதுதான். அதைத் திரும்ப உள்ளே வைக்க சோலைராஜிடமும் வழி இல்லை.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் கிருபாபாய் நேராகத் தேவதானத்துக்குப் பஸ் ஏறினாள். கையில் இரண்டு மாதத்து மாத்திரை. வெள்ளைத்தாயின் அம்மா சீனியம்மாள் வாங்க என்றும் சொல்லவில்லை, போங்க என்றும் சொல்லவில்லை. வெள்ளைத்தாய் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள், நிமிரவில்லை. கிருபாபாய் நின்றபடியே தரகர், சாமி, பெட்டி எல்லாவற்றையும் சொன்னாள்.

"நான் சொல்லலங்கது இப்பமாவது தெரியுதாட்டி?"

"நீங்க சொன்னா என்ன, பெட்டி சொன்னா என்னக்கா" என்றாள் வெள்ளைத்தாய். "பெட்டிக்குச் சொன்னது நீங்கதான."

கிருபாபாய்க்குக் கண் நிறைந்துவிட்டது. அந்தப் பெண் சொன்னதில் தப்பு ஒன்றும் இல்லை. மாத்திரையைச் சுளகுக்குப் பக்கத்தில் வைத்தாள். "என்மேல கோவம்னா என்மேல வச்சிக்கோ. இதுமேல வைக்காத" என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்துவிட்டாள். அந்தப் பெண் அதைப் போட்டாளா இல்லையா என்று தெரியாமலே நாட்கள் போயின.

மாசி மாதத்தில் ஒருநாள் பேச்சிமுத்து வந்து ரெக்கார்டு அறை வாசலில் நின்றான். தோட்டத்து மண் காலோடு, கூமாப்பட்டியில் இருந்து பஸ் மாறி வந்திருந்தான். தன் பெயரைச் சொன்னான்.

"எங்கம்மா சொல்லது நெசந்தானாக்கா? அந்தப் புள்ளைக்கு..."

"தெரியாது" என்றாள்.

"பாக்கப் போன அன்னைக்கு நல்லாப் பேசிட்டுத்தான் இருந்திச்சு. மனசு கேக்க மாட்டேங்கு. வேற யார்ட்டத்தான் கேக்க?"

"யாரு கார்டோ, அவியகிட்டக் கேக்கணும்."

அவன் புரியாமல் நின்றான். "அந்தப் புள்ளைகிட்டயேவா?"

"அந்தப் புள்ளைகிட்டதான்."

பெண்ணைப் பற்றிப் பெண்ணிடமே கேட்கலாம் என்பது அந்த வட்டாரத்தில் அதுவரை ஒருத்தருக்கும் தோன்றியதில்லை. அவன் செத்த நேரம் ஃபேனைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டுப் போய்விட்டான். போய்ச் சேர்ந்தானோ, பாதியில் திரும்பினானோ என்று கிருபாபாய்க்குத் தெரியாது.

பங்குனி பிறந்து சில நாளில் இரண்டு பேருமாக வந்தார்கள். ஒருவர் பின்னால் ஒருவராக, தெரியாதவர்களைப் போல நடந்து வந்தார்கள். வெள்ளைத்தாயின் வலது கையில் ஆள்காட்டி விரலில் கட்டுப் போட்டிருந்தது. கிருபாபாய் அதைப் பார்த்தாள், கேட்கவில்லை.

"எங் கார்ட எடுங்கக்கா" என்றாள் வெள்ளைத்தாய். "இவியளுக்கு நானே காட்டுதேன்."

"நம்பர் சொல்லு."

"என்னத் தெரியாதா ஒங்களுக்கு?"

"நம்பர் சொல்லுட்டி."

சொன்னாள். கிருபாபாய் பெட்டியைத் திறந்து, அந்தப் பக்கத்தை அவளுக்குத் தெரிகிற மாதிரித் திருப்பி வைத்துவிட்டு, அறைக்கு வெளியே போய் நின்றாள். உள்ளே வெள்ளைத்தாய் ஒவ்வொரு வரியாகச் சொல்வதும், அவன் ம், ம் என்பதும் கேட்டது. கேட்காமல் இருக்கப் பார்த்தாள். கொஞ்ச நேரத்தில் அவன் குரல் தனியாகக் கேட்டது.

"கூமாப்பட்டியில இந்த மாத்திர கெடைக்காதே. மாசா மாசம் இங்கதான் வந்து வாங்கணுமோ?"

வெள்ளைத்தாய் அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, "அக்கா, உள்ள வாங்க" என்று கூப்பிட்டாள். கிருபாபாய் வந்து உட்கார்ந்தாள்.

"இதுல இல்லாதது ஒண்ணு இருக்கு. எழுதிக்கிடணும்" என்றாள் வெள்ளைத்தாய். "யார்ட்டயும் சொல்லல. எங்கம்மாட்டகூடச் சொல்லல."

கிருபாபாய் சாவியில் வைத்த விரலை எடுத்தாள். பேச்சிமுத்துவைக் காட்டினாள்.

"இவிய இருக்கலாமா, வெளிய நிக்கணுமா?"

பேச்சிமுத்து தானாகவே வாசல் பக்கம் ஒரு எட்டு வைத்தான். வெள்ளைத்தாய் கட்டுப் போட்ட விரலைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள், அப்புறம் கிருபாபாயைப் பார்த்தாள்.

"இருக்கட்டும்க்கா. மாத்திரய நிறுத்தின பொறவு மில்லுல வச்சி ஒருக்க வந்திச்சு. அதுலதான் இந்த வெரலு. எழுதுங்க."

கிருபாபாய் எழுதினாள்.